பொறுத்திரு என்னாதீர்!

(படிப்பகமொன்றின் ஆண்டு விழாவிலே ஆற்றிய உரை)



மன்றத்திலே கேட்டவர்களுக்குச் சொன்னதைத்தான் இன்று ஏட்டை விரித்து வைத்திருக்கும் உங்களுக்கும் எழுதுகிறேன். கைதட்டலுக்காகச் சொன்ன இரண்டொரு வேடிக்கைகளை நீக்கிவிட்டேன், மற்றவை பேசியபடியே.

நான் நாடகக்காரன். என் நாடகம் ஒன்றிலே, மூன்றாவது காட்சியிலே, தொட்டிலில் உறங்கும் குழந்தையைக் கயவன் ஒருவன் தூக்கிச் செல்கிறான். தாய் அலறுவாள், கொட்டகை விம்மும். ஐந்தாவது காட்சியிலே குழந்தை தாயின் மடிக்குத் திரும்பிவிடும், கொட்டகை ஆர்ப்பரிக்கும். இடையே இருபது நிமிடம். அந்த இருபது நிமிடத்திலே இரண்டு பாட்டு, ஒரு நகைச்சுவைக் காட்சி. எத்தனையோ ஊர்களிலே நடத்தியிருக்கிறோம். எந்த ஊரிலும் அந்தக் குழந்தை திரும்பி வராமல் இருந்ததில்லை.

காவிரிக் கரையோரம் ஒரு சிற்றூரிலே அந்த நாடகம் முடிந்து, முகத்தின் பூச்சை எண்ணெய் தடவித் துடைத்துக்கொண்டிருந்தேன். திரைக்குப் பின்னாலே ஒரு சகோதரி வந்து நின்றாள். இருபத்தைந்து வயதிருக்கும். கையிலே ஒரு பழைய துணிப்பை. பாராட்ட வந்திருக்கிறாள் என்று எண்ணிப் புன்னகை பூத்தேன். அவள் புன்னகைக்கவில்லை.

“நாடகத்துப் பிள்ளை திரும்பி வந்துட்டுதண்ணே. என் பிள்ளை போயி மூணு மாசமாவுது” என்றாள்.

துணிப்பையிலே இருந்தது ஒரு பாவாடை, சட்டை. நான்கு வயதுப் பெண்ணுடையது. பையை ஏன் சுமந்து திரிகிறாய் என்று கேட்டேன். “எங்கயாவது கண்ணுல பட்டா மாத்திவிட ஒரு துணி வேணாமா?” என்றாள். என்ன பதில் சொல்வேன்? அடுக்குமொழி அத்தனையும் அன்று எனக்கு மறந்துபோயிற்று.

கதை நீண்டதல்ல. கணவனும் மனைவியும் பிரிந்துவிட்டார்கள். மணமுறிவு கேட்டுக் குடும்பநல நீதிமன்றத்திலே வழக்கு நடக்கிறது. பிள்ளை தாயிடம் இருந்தது. திருவிழாவுக்கு அழைத்துப்போய் மாலையிலே கொண்டுவந்து விடுகிறேன் என்று தகப்பன் வந்து கேட்டான். அவளும் தலைவாரிப் பூச்சூட்டி அனுப்பினாள். மாலை வந்தது, பிள்ளை வரவில்லை. அவன் வேலைபார்ப்பது திருப்பூரிலே, பனியன் கம்பெனியிலே. அங்கே கொண்டுபோய்த் தன் தாயாரிடம் விட்டுவிட்டான். தொலைபேசியிலே அழைத்தாள், எடுக்கவில்லை. நேரிலே போனாள்; கதவைத் திறக்கவில்லை.

காவல் நிலையம் சென்றாள். “பெத்த தகப்பன்தானே அழைச்சிட்டுப் போயிருக்கான், களவா போச்சு?” என்று கேட்டு, மனுவைப் பெற்றுக்கொண்டதற்கு ஒரு சீட்டைக் கொடுத்து அனுப்பிவிட்டார்கள். அந்தச் சீட்டை மடித்துப் பத்திரமாக வைத்திருந்தாள், பாவம், தீர்ப்பு நகல் போல!

அடுத்து எங்கே போனாள் தெரியுமா? நமது கிளை அலுவலகத்துக்குத்தான் வந்திருக்கிறாள். தோழர்கள் உபசரித்து, உட்கார வைத்து, கேட்டு, வருந்தி, “பொறுத்திரும்மா. மாநாடு முடியட்டும், இரண்டு பக்கத்துப் பெரியவர்களையும் வைத்துப் பேசி முடித்துவிடுவோம்” என்று சொல்லி அனுப்பினார்களாம். மாநாடு முடிந்தது. கொடிக்கம்பங்களைக் கழற்றினோம். அறுவடை வந்தது; அதுவும் முடிந்தது. பெரியவர்கள் ஒருமுறை கூடினார்கள், காப்பி குடித்தார்கள், கலைந்தார்கள். அந்த மாநாட்டிலே இறுதியுரை ஆற்றியவன் யார்? நான்தான்! பெண்ணுரிமை பற்றி ஒன்றேகால் மணி நேரம் பேசினேன். மேடைக்கு நாற்பது அடி தள்ளி, அந்தத் துணிப்பையோடு அவள் நின்று கேட்டிருக்கிறாள்.

எனவே இன்று நான் எதிரிகளைச் சாடப்போவதில்லை. நம்மையே கேட்கப்போகிறேன். பிள்ளை பறிபோனது என்று ஒருத்தி, அல்லது ஒருவன், நம் வாயிலிலே வந்து நின்றால் நாம் என்ன செய்யவேண்டும்?

கல்லூரியைப் பாதியிலே விட்டவன் நான். சட்டக் கல்லூரியை வெளிச்சுவர்ப் பக்கமிருந்து பார்த்தவன். ஆனாலும் அந்தச் சகோதரி வந்த மறுநாள் தொடங்கி வழக்கறிஞர் தோழர்களின் வீட்டுத் திண்ணைகளிலே உட்கார்ந்து கேட்டேன், படித்தேன். படித்தபோது நெஞ்சிலே அறைந்த செய்தி ஒன்று உண்டு. அவள் எங்கேயும் அலைந்திருக்க வேண்டியதில்லை. மணமுறிவு வழக்கு எந்த நீதிமன்றத்திலே நடந்துகொண்டிருந்ததோ, அதே நீதிமன்றத்திலே, மறுநாள் காலையிலேயே, ஒரு மனு கொடுத்திருக்கலாம்! 1955ஆம் ஆண்டு இந்து திருமணச் சட்டத்தின் 26ஆம் பிரிவு, வழக்கு நடக்கும்போதே பிள்ளை யாரிடம் இருக்கவேண்டும் என்று இடைக்கால ஆணை பிறப்பிக்க நீதிபதிக்கு அதிகாரம் தருகிறது. பதிவுத் திருமணம் செய்தவர்களுக்கு 1954ஆம் ஆண்டுச் சட்டத்திலே இதேபோன்ற பிரிவு உண்டு. கதவு அவள் எதிரிலேயே இருந்தது, திறந்தும் இருந்தது. காட்டத்தான் ஆளில்லை.

மணமுறிவு வழக்கே இல்லையா? அதற்கும் வழியுண்டு. 1890ஆம் ஆண்டின் காப்பாளர், காக்கப்படுவோர் சட்டம். வெள்ளைக்காரன் காலத்துப் பழஞ்சட்டம்தான். எல்லா மதத்தாருக்கும் பொது. அதன் 12ஆம் பிரிவின்படி, “பிள்ளையை இன்ன நாளிலே, இன்ன இடத்திலே கொண்டுவந்து நிறுத்து” என்று நீதிமன்றம் ஆணையிடலாம். வழக்கு முடியும்வரை தற்காலிகமாக யார் பொறுப்பிலே பிள்ளை இருக்கலாம் என்றும் சொல்லலாம். 25ஆம் பிரிவின்படி, காப்பாளரின் பொறுப்பிலிருந்து அகற்றப்பட்ட பிள்ளையைத் திரும்ப ஒப்படைக்கச் செய்யலாம். அந்தப் பிரிவின் வாசகத்தைப் படித்தபோது திடுக்கிட்டேன்: பிள்ளையைக் ‘கைது’ செய்து காப்பாளரிடம் ஒப்படைக்கலாம் என்று எழுதியிருக்கிறார்கள்! நான்கு வயதுப் பெண் என்ன குற்றம் செய்தாள், கைது செய்ய? சொல்லிலே ஈரமில்லை, ஆயினும் அந்தச் சொல்லுக்குள்ளேதான் ஒரு தாயின் பிழைப்பு இருக்கிறது.

எந்த ஊர் நீதிமன்றம் என்ற கேள்வி உடனே எழும். எதிராளியின் ஊருக்குத்தான் போகவேண்டும் என்று நம்பித் திருப்பூருக்கும் தஞ்சைக்கும் அலைந்து பேருந்துக் கட்டணத்துக்கே நகையை விற்றவர்கள் உண்டு. சட்டம் சொல்வது வேறு. பிள்ளை வழக்கமாக வாழும் ஊர் எதுவோ, அந்த ஊருக்குரிய நீதிமன்றமே விசாரிக்கும். ஒளித்து வைத்த ஊர், வாழ்ந்த ஊர் ஆகிவிடாது. ஆனால், தோழர்களே, இங்கேதான் நாள்களின் கணக்கு வருகிறது. பத்து நாளிலே போய்க் கேட்டால், வாழ்ந்த ஊர் எதுவென்பதிலே ஐயமில்லை. பத்து மாதம் கழித்துப் போய்க் கேட்டால்? பிள்ளை அங்கே பள்ளியிலே சேர்ந்திருக்கும். அந்த ஊர்ச் சான்றிதழ் கையிலே இருக்கும். “இதுதான் இதன் ஊர்” என்று அவன் வாதாடுவான். நாம் “பொறுத்திரு” என்று சொன்ன ஒவ்வொரு நாளும் அவன் கட்சிக்கு ஒரு சாட்சி!

எந்த நீதிமன்றம் என்ற இந்தக் கேள்வி ஒரு தகப்பனின் வழக்கையே கவிழ்த்த கதை நம் சென்னையிலேயே நடந்திருக்கிறது.

நாராயணையா என்பவர், ஓய்வுபெற்ற அரசு ஊழியர். அடையாற்றிலே பிரம்மஞான சங்கத்தின் பணிக்கு வந்தவர். அவருடைய மைந்தர்கள் இருவர்: கிருஷ்ணமூர்த்தி, நித்யானந்தா. பின்னாளிலே உலகமெல்லாம் அறிந்த ஜே. கிருஷ்ணமூர்த்திதான் அந்த மூத்த பிள்ளை. 1910 மார்ச்சிலே தகப்பனார் ஓர் எழுத்திலே கையொப்பமிட்டு, பிள்ளைகளின் பொறுப்பை அன்னி பெசன்ட் அம்மையாரிடம் ஒப்படைத்தார். பிறகு மனம் மாறினார். பிள்ளைகளைத் திருப்பித் தா என்றார். அதற்குள் அவர்கள் இங்கிலாந்திலே இருந்தார்கள், கடலுக்கு அப்பால்.

1912இலே செங்கற்பட்டு மாவட்ட நீதிமன்றத்திலே வழக்குத் தொடுத்தார். வழக்கு சென்னை உயர்நீதிமன்றத்துக்கு மாற்றப்பட்டது. தகப்பனாருக்காக வாதாடியவர் இளைஞர் சி.பி. இராமசாமி ஐயர். பெசன்ட் அம்மையார் வழக்கறிஞர் வைத்துக்கொள்ளவில்லை. தாமே எழுந்து நின்று தம் வழக்கைப் பேசினார். நாவன்மை என்றால் அது நாவன்மை! ஆயினும் 1913 ஏப்ரலிலே தீர்ப்பு தகப்பனாருக்குச் சாதகமாயிற்று. மேல்முறையீட்டிலும் அவரே வென்றார். இரண்டு வெற்றி. பிள்ளைகள் வந்தார்களா? வரவில்லை. வழக்கு இலண்டன் பிரிவி கவுன்சிலுக்குப் போயிற்று.

1914 மே மாதம் பிரிவி கவுன்சில் சொன்னதைக் கவனமாகக் கேளுங்கள். தகப்பன் தன் பொறுப்பைப் பிறரிடம் ஒப்படைத்தாலும் அதை மீண்டும் கேட்கும் உரிமை அவனுக்குண்டு என்றது. ஆகா, வென்றுவிட்டார் என்று எண்ணுகிறோமல்லவா? அடுத்த மூச்சிலேயே வழக்கைத் தள்ளிவிட்டது! பிள்ளைகள் செங்கற்பட்டு நீதிமன்றத்தின் எல்லைக்குள்ளே வாழவில்லை, இங்கிலாந்திலே வாழ்கிறார்கள்; ஆகவே அங்குள்ள நீதிமன்றத்தைத்தான் நாடியிருக்கவேண்டும்; பிள்ளைகளின் விருப்பத்தையும் நலனையும் கேட்காமல் அவர்களைக் கப்பலேற்றி அனுப்ப ஆணையிட முடியாது என்றது. உரிமை உண்டு, ஆனால் வந்த வாசல் தவறு. அதற்குள் மூத்தவனுக்கு வயது பத்தொன்பது. பிறகு எந்தப் பிள்ளையை மீட்பது?

அந்த வழக்கிலே யார் பக்கம் நியாயம் என்று இன்று நான் பஞ்சாயத்துப் பண்ண வரவில்லை. பிள்ளைகளுக்கே தகப்பனிடம் திரும்ப விருப்பமில்லை என்பதும் ஏட்டிலே இருக்கிறது. நான் பார்ப்பதெல்லாம் அந்த இடைவெளியைத்தான்.

உள்ளூர் நீதிமன்றத்தின் வாய்தாக்களுக்குக் காத்திருக்க முடியாத நிலைமை என்றால் உயர்நீதிமன்றம் இருக்கிறது. ஆட்கொணர்வு மனு! அரசியல் தோழர்களுக்கு இந்தப் பெயர் பழகிய பெயர். நம்மைத் தடுப்புக்காவலிலே அடைத்தபோது நம் துணைவியர் தட்டிய கதவு அது. அதே கதவைத்தான் பிள்ளை பறிகொடுத்த தாயும் தட்டுகிறாள். அரசியல் சட்டத்தின் 226ஆம் பிரிவு. மனு ஏற்கப்பட்டால் நீதிமன்றமே காவல்துறைக்குச் சொல்கிறது: பிள்ளையைத் தேடிக் கொண்டுவா என்று. மூன்று மாதம் முன்பு சீட்டுக் கொடுத்து அனுப்பிய அதே நிலையத்து அதிகாரி, ஆணையைக் கையிலே பிடித்துக்கொண்டு ஜீப்பிலே ஏறுவார்!

“அதற்குத்தான் 1890ஆம் ஆண்டுச் சட்டம் இருக்கிறதே, அங்கே போ” என்று விரட்டப்பட்டவர்களும் உண்டு. பம்பாயிலே ஒரு முஸ்லிம் தாய். மணமாகாமல் பெற்ற பெண் குழந்தை. உறவுக்காரி ஒருத்தி பிள்ளையைத் தன்னிடம் வைத்துக்கொண்டு தரமறுத்தாள். பம்பாய் உயர்நீதிமன்றம், காப்பாளர் சட்டத்தின்படி கேள் என்று அனுப்பிவிட்டது. 1959இலே உச்சநீதிமன்றம் அதை மாற்றியது. வேறொரு சட்டத்திலே வழியிருக்கிறது என்பதற்காக இந்தக் கதவை அடைக்கக்கூடாது என்று சொல்லிப் பிள்ளையைத் தாயிடம் ஒப்படைக்கச் செய்தது. தாலி இருக்கிறதா என்று பார்க்காமல், தாய் இவள்தானா என்று பார்த்த தீர்ப்பு!

ஆனால் மெய்யையும் சொல்லவேண்டும். பிள்ளையை வைத்திருப்பவர் தகப்பனோ தாயோ ஆக இருந்தால் இந்தக் கதவு எப்போதும் எளிதாகத் திறப்பதில்லை. 2019ஆம் ஆண்டிலே உச்சநீதிமன்றம் எல்லையை வரைந்து காட்டிற்று. பிள்ளையை வைத்திருப்பது சட்டத்துக்குப் புறம்பானது, மற்ற வழிகள் பயன்படா என்று காட்டினால் ஆட்கொணர்வு மனு செல்லும். நீண்ட சாட்சி விசாரணை தேவைப்படும் என்று தோன்றினால் குடும்பநல நீதிமன்றத்துக்குப் போகச் சொல்லலாம். அந்த வழக்கிலே மனுக் கொடுத்தவர் ஒரு தகப்பன். மனைவி நோயால் இறந்தாள். நோய்க்காலத்திலே குழந்தையைப் பார்த்துக்கொண்ட மனைவியின் உறவினர் பிறகு தரமறுத்தார்கள். நீதிமன்றம் குழந்தையைத் தகப்பனிடம் கொடுத்தது. இதைச் சொல்லக் காரணம், பறிப்பவன் எப்போதும் ஆண், பறிகொடுப்பவள் எப்போதும் பெண் என்று நம் மேடைகளிலே நாம் ஒரு பாட்டையே பாடுகிறோம். ஆண்களும் அழுதிருக்கிறார்கள்.

என் மனத்தைவிட்டு அகலாத வழக்கு மற்றொன்று. பஞ்சாபிலிருந்து இங்கிலாந்து போன ஒரு குடும்பம். கணவன், மனைவியைக் கொல்ல ஆள் ஏற்பாடு செய்தான், பிடிபட்டான், தண்டிக்கப்பட்டான். அவனை நன்னடத்தையின் பேரிலே விடுவிக்கும்படி மன்றாடியது யார்? கொலையுண்டிருக்க வேண்டிய அந்த மனைவியே! இப்படி ஒரு காட்சியை நான் எழுதினால், “கொஞ்சம் மிகையாக இருக்கிறதே” என்று என் குழுவினரே சொல்வார்கள். அப்படி வெளியே வந்தவன் என்ன செய்தான்? 1983 ஜனவரி இறுதியிலே அவள் பெற்ற சிறுவனைத் தூக்கிக்கொண்டு இந்தியாவுக்கு வந்துவிட்டான். அவள் இங்கிலாந்து நீதிமன்றத்திலே ஆணை பெற்று, பின்னாலேயே வந்து, பஞ்சாப் அரியானா உயர்நீதிமன்றத்திலே மனுக் கொடுத்தாள். மனு தள்ளப்பட்டது. காரணங்களிலே சில இவை: அவள் அந்நிய நாட்டிலே வாழ்பவள், ஆலைத் தொழிலாளி, கணவனைப் பிரிந்தவள், சுற்றமில்லாதவள். பாட்டன் வீடோ வசதியுள்ள வீடு.

ஆலைத் தொழிலாளி! தோழர்களே, உழைத்துச் சம்பாதிப்பது ஒரு தாய்க்குக் குறையாக எழுதப்பட்டது. 1984 ஏப்ரலிலே உச்சநீதிமன்றம் அதைத் துடைத்தெறிந்தது. வாரத்துக்கு நூறு பவுன் கூலி பெறும் அந்தத் தாயிடமே மகனை ஒப்படைக்கச் சொன்னது. தன்னைக் கொல்லப் பார்த்தவனுக்கே கருணை காட்டிய அவளுடைய குணத்தை மெச்சியும் எழுதிற்று. பிள்ளையைத் திருட்டுத்தனமாகத் தூக்கி வந்தவன், தான் போய்ச் சேர்ந்த ஊரிலே தனக்கு வசதியான நீதிமன்றத்தைத் தேடிக்கொள்ள முடியாது. அந்தக் குடும்பம் எங்கே வாழ்ந்ததோ அந்த நாட்டு நீதிமன்றமே முடிவுசெய்ய உரியது என்பது அந்தத் தீர்ப்பின் சாரம். இரண்டாண்டு கழித்து, 1986இலே, அமெரிக்காவின் மிச்சிகனிலே வார இறுதியிலே மட்டும் மகனைப் பார்க்க உரிமை பெற்றிருந்த ஒருவன், அந்தச் சலுகையையே பயன்படுத்திச் சிறுவனை இந்தியாவுக்குக் கொண்டுவந்தபோதும் உச்சநீதிமன்றம் இவ்வாறே தாயுடன் திருப்பி அனுப்பியது. ஜனவரியிலே போன பிள்ளைக்கு நவம்பரிலே தீர்ப்பு! ஓடோடி வந்தவள் அந்தத் தாய்.

பிறகு காற்று சற்றே திரும்பியது. 2017இலே மூன்று நீதிபதிகள், அயல்நாட்டு ஆணை என்பது பல காரணங்களிலே ஒன்றுதான். பிள்ளையின் நலனே தலைமையானது என்றார்கள். அதுவும் முறைதான். பிள்ளை ஒரு பொட்டலமல்லவே, விலாசம் பார்த்துத் திருப்பி அனுப்ப. ஆனால் ‘நலன்’ என்பதை விசாரிக்க ஆண்டுகள் ஓடினால், அந்த ஓட்டமே நலனைத் தீர்மானித்துவிடுகிறது.

உலக நாடுகள் இதற்கொரு வழி கண்டன. 1980ஆம் ஆண்டின் ஹேக் உடன்படிக்கை. பிள்ளையைத் தவறாக நாடுகடத்தி ஓராண்டுக்குள் வழக்குத் தொடுத்தால், முதலிலே பிள்ளையைத் திருப்பி அனுப்பு. உரிமை வழக்கை அந்த நாட்டிலே பேசிக்கொள்ளுங்கள் என்பது அதன் கருத்து. நூற்றுக்கு மேற்பட்ட நாடுகள் சேர்ந்திருக்கின்றன. இலங்கை 2001இலேயே அதற்கென்று தனிச் சட்டம் இயற்றிற்று. பாகிஸ்தானும் சேர்ந்தது. இந்தியா சேரவில்லை. 2016இலே ஒரு மசோதாவின் வரைவை வெளியிட்டார்கள். சட்ட ஆணையமும் அறிக்கை தந்தது. நீதிபதி ஒருவர் தலைமையிலே குழு அமைத்தார்கள், 2018இலே அதுவும் அறிக்கை தந்தது. அறிக்கைகள் உறங்குகின்றன. அயல்நாட்டிலே அடியும் உதையும் தாங்காமல் குழந்தையோடு தாய்வீடு ஓடிவரும் பெண்களை மீண்டும் அந்தக் கொடியவனிடமே துரத்தச் சொல்வதாகிவிடும் என்பது அச்சம். அந்த அச்சத்தை நான் எள்ளமாட்டேன். அது உண்மையான அச்சம். அப்படி ஓடி வந்தவளுக்குக் கேடயம் வைத்துச் சட்டம் செய்யுங்கள் என்பதே என் கோரிக்கை. கேடயம் செய்யத் தெரியவில்லை என்பதற்காகச் சட்டமே வேண்டாம் என்று இருப்பதா?

உள்நாட்டுச் சட்டத்திலேயே பாருங்கள். நீதிமன்றம் நியமித்த காப்பாளர், அனுமதியில்லாமல், நீதிமன்றத்தின் அதிகாரத்துக்குத் தப்பவைக்கும் நோக்கத்தோடு பிள்ளையை எல்லை தாண்டிக் கொண்டுபோனால் என்ன தண்டனை? 1890ஆம் ஆண்டுச் சட்டத்தின் 44ஆம் பிரிவு கூறுகிறது: ஆயிரம் ரூபாய் வரை அபராதம், அல்லது ஆறு மாதம் வரை சிவில் சிறை. 1890இலே ஆயிரம் ரூபாய் என்றால் ஒரு வீடு. இன்று இரண்டு பேர் ஓட்டலிலே விருந்துண்டால் முடிந்துவிடும். நீதிமன்ற ஆணையை மீறினால் அவமதிப்பு வழக்குத் தொடுக்கலாம். 1971ஆம் ஆண்டுச் சட்டம் அதற்கு ஆறு மாதம் சிறை, இரண்டாயிரம் ரூபாய் அபராதம் என்கிறது. கையிலே ஆணை இருந்தால்தான் அது மீறப்பட்டதென்று சொல்ல முடியும். ஆகவே முதலிலே ஆணை! பிள்ளைக்குக் கடவுச்சீட்டு இருந்தால் அதை நீதிமன்றத்திலே ஒப்படைக்கச் சொல்லியும், அனுமதியின்றி நாட்டைவிட்டுக் கொண்டுபோகக் கூடாதென்றும் அதே மனுவிலே கேட்கவேண்டும்.

காவல்துறையைப் பற்றி ஒரு சொல். ஆள்கடத்தல் குற்றம் என்று பதிவுசெய் என்று நாம் முழங்குகிறோம். 2024 ஜூலையிலிருந்து புதிய தண்டனைச் சட்டம். அதன் பெயரைச் சொல்லி முடிப்பதற்குள் பிள்ளை அடுத்த மாநிலம் போய்விடும், சொல்லாமல் விடுகிறேன். அதன் 137ஆம் பிரிவு, காப்பாளரிடமிருந்து பிள்ளையை அகற்றுவது குற்றம் என்கிறது. ஆனால் தகப்பனே சட்டப்படி இயற்கைக் காப்பாளன். நீதிமன்றத் தடை எதுவும் இல்லாதபோது அவனைக் கடத்தல்காரன் என்று சொல்ல முடியாதென்று உயர்நீதிமன்றங்கள் கூறியிருக்கின்றன. 1956ஆம் ஆண்டுச் சட்டத்தின் 6ஆம் பிரிவு: முதலிலே தந்தை, அவருக்குப் ‘பிறகு’ தாய். எழுத்தாளர் கீதா ஹரிஹரன் தொடுத்த வழக்கிலே, 1999இலே, அந்தப் ‘பிறகு’ என்பதற்குத் தந்தை இறந்தபிறகு என்று பொருளல்ல. அவர் பொறுப்பேற்க இல்லாத நிலையிலும் தாயே காப்பாளர் என்று உச்சநீதிமன்றம் விளக்கிற்று. பொருள் மாறிற்று, சொல் மாறவில்லை. ஏட்டிலே இன்றும் ‘பிறகு’தான் இருக்கிறது. அதே பிரிவிலே, ஐந்து வயது நிரம்பாத பிள்ளை சாதாரணமாகத் தாயிடமே இருக்கவேண்டும் என்றும் இருக்கிறது. அந்த வரியை எந்தக் காவல் நிலையச் சுவரிலும் நான் பார்த்ததில்லை.

பணம்? வழக்கறிஞர் கட்டணம்? அந்தச் சகோதரியின் முதல் கேள்வியும் அதுதான். 1987ஆம் ஆண்டின் சட்டப்பணிகள் ஆணையச் சட்டத்தின்படி, பெண்களுக்கும் குழந்தைகளுக்கும் வருமானம் பார்க்காமல் இலவச வழக்கறிஞர் தரவேண்டும். தாழ்த்தப்பட்டோருக்கும் பழங்குடியினருக்கும் அவ்வாறே. மாவட்ட நீதிமன்ற வளாகத்திலேயே அலுவலகம். 15100 என்ற எண்ணிலே அழைத்தால் வழி சொல்வார்கள். கிளைக் கழகப் பலகையிலே தலைவர்களின் வருகையைத்தானே எழுதுகிறோம், ஓரத்திலே இந்த எண்ணையும் எழுதினால் இடம் போதாதா?

இன்னொன்று. சொல்ல வெட்கமாயிருக்கிறது. அந்தச் சகோதரி கதையைச் சொல்லி முடித்ததும் எனக்கு முதலிலே தோன்றியது என்ன தெரியுமா? நான்கு தோழர்களை ஏற்றிக்கொண்டு காரிலே திருப்பூர் போவோம், பிள்ளையைத் தூக்கிக்கொண்டு வந்துவிடுவோம் என்றேன்! எங்கள் குழுவிலே வில்லன் வேடம் கட்டுபவர் உடனே எழுந்து வேட்டியை மடித்துக் கட்டினார். தடுத்தவர் ஒரு வயதான வழக்கறிஞர். “தூக்கிக்கொண்டு வந்தால், நாளை நீதிபதி முன்னால் அவனுக்கும் இவளுக்கும் என்ன வேறுபாடு இருக்கும்?” என்று கேட்டார். அத்தோடு விடவில்லை. “முதலிலே தகப்பன் தூக்கினான், அடுத்து நீங்கள் தூக்குகிறீர்கள். பிள்ளை இனி யார் கைநீட்டினாலும் நடுங்கும்” என்றார். மடித்துக் கட்டிய வேட்டி இறங்கிற்று. என் நாடகத்து ஐந்தாம் காட்சியிலே கதாநாயகன் அப்படித்தான் மீட்கிறான். கைதட்டலும் பலமாக வரும். அந்தக் காட்சியை இப்போது மாற்றி எழுதிக்கொண்டிருக்கிறேன். நீதிமன்றத்து வராந்தாவிலே காத்திருப்பதை எப்படிக் காட்சியாக்குவது என்பதுதான் புலப்படவில்லை.

மனுக் கொடுத்தாயிற்று. பிள்ளையை நேரிலே கொண்டுவரும்படி ஆணை வந்தது. கொண்டுவந்தான். நான்கு மாதத்துக்குப் பிறகு தாயும் மகளும் சந்தித்தார்கள். நானும் போயிருந்தேன். ஓடிவந்து கட்டிக்கொள்ளும் என்று எதிர்பார்த்தேன், நாடகக்காரன் அல்லவா! பிள்ளை பாட்டியின் முந்தானைக்குப் பின்னாலே ஒளிந்துகொண்டது. தாய் கைநீட்டினாள், வரவில்லை. பையைத் திறந்து பாவாடையை எடுத்துக் காட்டினாள். பிள்ளை எட்டிப் பார்த்தது, பாவாடையை. பிறகு மெல்ல வந்தது. வைத்துப் பார்த்தால் இரண்டு விரற்கடை குட்டையாகிவிட்டிருந்தது.

வழக்கு முடியும்வரை ஞாயிறுதோறும் ஒரு மணி நேரம், நீதிமன்ற வளாகத்திலே பார்த்துக்கொள்ளலாம் என்பது இப்போதைய ஏற்பாடு. இடைக்காலப் பொறுப்பு யாருக்கு என்ற மனு வரும் வெள்ளிக்கிழமை விசாரணைக்கு வருகிறது. அன்று மாலை எங்களுக்கு ஒத்திகை. வரமாட்டேன் என்று குழுவினரிடம் சொல்லிவிட்டேன்.